நிலம் எங்கே இருக்கிறது? எரிபொருள் முகவர் நியமனத்தில் எல்லைக் கோடு செய்யும் வேலை

அண்மைக் காலமாக என்னைச் சந்திக்கும் வியாபாரிகளில் சிலர் ஒரே கேள்வியை வெவ்வேறு விதமாகக் கேட்கிறார்கள். "காக்கா, பொத்துவில் பக்கம் கோமாரியில வீதியோரமா ஒரு காணி வருது. பெற்றோல் செட் ஒண்டு, இல்லாட்டி காஸ் ஏஜென்சி ஒண்டு போட்டா நல்லா ஓடும். இப்பவே வாங்கிப் போடுறதா, விளம்பரம் வரட்டும் எண்டு பார்த்திருக்கிறதா?"

நான் விலையைக் கேட்பதில்லை. "காணி எங்கே இருக்கிறது?" என்று மட்டும் கேட்பேன். "கோமாரியில எண்டு சொன்னேனே" என்று சற்றுச் சலிப்போடு பதில் வரும். அந்தப் பதிலை வைத்துக்கொண்டு எந்த அலுவலகத்திலும் ஒரு விண்ணப்பத்தைக் காப்பாற்ற முடியாது என்பதைச் சொல்லவே இந்த வாரக் கட்டுரை.

அக்கரைப்பற்றிலிருந்து திருக்கோவில் வழியாகப் பொத்துவிலுக்குப் போகும் ஏ4 பிரதான வீதியில் அமைந்த ஊர் கோமாரி. நிருவாகத்தில் அது பொத்துவில் பிரதேச செயலாளர் பிரிவைச் சேர்ந்தது. வடக்கே போனால் திருக்கோவில் பிரதேச செயலாளர் பிரிவு வந்துவிடுகிறது. பஸ்ஸில் போகிறவருக்கு இந்தக் கோடு தெரியாது. ஒரு பக்கம் கடல், மறு பக்கம் களப்பும் வயலும் பற்றைக்காடும். வீதி ஒரே வீதிதான். நடத்துநர் எந்த இடத்தில் "கோமாரி" என்று கூப்பிடுகிறாரோ அதுதான் மக்களுக்குக் கோமாரி. அதோடு 2004 சுனாமியின் பின்னர் எமது கரையோர ஊர்கள் பலவற்றில் குடியிருப்புகள் உள்பக்கமாக நகர்ந்தன. குடியிருப்போடு சேர்ந்து ஊர்ப் பெயரும் நகர்ந்தது. வர்த்தமானியில் உள்ள எல்லை நகரவில்லை.

விளம்பரம் ஒன்றில் "கோமாரி" என்று எழுதியிருந்தால் அது எந்தக் கோமாரி? கிராம உத்தியோகத்தர் பிரிவா, ஊரைச் சுற்றியுள்ள பகுதியா, ஊரிலிருந்து இத்தனை கிலோமீற்றருக்குள் என்ற தூரமா? முகவர் நியமனத்தில் நிலம் பற்றிய தகராறுகளில் பெரும்பகுதி இந்த ஒரு கேள்வியிலிருந்துதான் பிறக்கிறது.

இந்தியாவில் இதை எப்படி எழுதுகிறார்கள்?

இந்த விடயத்தைப் படிக்க இந்தியா நல்ல பள்ளிக்கூடம். அங்கே எண்ணெய்க் கம்பனிகள் முகவர் தெரிவுக்கான விதிகளை அச்சிட்டு வெளியிடுகின்றன. தோற்றவர்கள் தயங்காமல் நீதிமன்றம் போகிறார்கள். ஆகவே ஒவ்வொரு சொல்லுக்கும் என்ன பொருள் என்பது பல தடவை உரசிப் பார்க்கப்பட்டுவிட்டது.

2018 நவம்பரில் அந்நாட்டின் மூன்று அரச எண்ணெய்க் கம்பனிகளான இந்தியன் ஒயில், பாரத் பெற்றோலியம், ஹிந்துஸ்தான் பெற்றோலியம் ஆகியவை 55,000க்கும் அதிகமான இடங்களில் எரிபொருள் நிலையங்களுக்கு விண்ணப்பம் கோரின. இத்தகைய விளம்பரங்களில் இடம் என்பது வெறும் ஊர்ப் பெயராக வருவதில்லை. எந்த வீதி, எந்த இடத்திலிருந்து எந்த இடம் வரை, பல இடங்களில் வீதியின் இடப் பக்கமா வலப் பக்கமா என்பது வரை எழுதப்படுகிறது. நடுவில் தடுப்புச் சுவர் கட்டிய நெடுஞ்சாலையில் மறு பக்கம் என்பது மறு சந்தை. அங்கே உள்ள காணி எவ்வளவு அகலமாக, எவ்வளவு அழகாக இருந்தாலும் இந்தப் பக்கம் ஓடும் லொறிக்கு அது உதவாது.

அதே விளம்பரத்தில் விண்ணப்பதாரிகள் மூன்று குழுக்களாகப் பிரிக்கப்பட்டார்கள். சொந்தமாகவோ நீண்டகாலக் குத்தகையிலோ பொருத்தமான காணி வைத்திருப்பவர் முதற் குழு. காணி உரிமையாளரிடமிருந்து "தருகிறேன்" என்ற உறுதியான எழுத்து வாக்குப் பெற்றவர் இரண்டாங் குழு. காணியே இல்லாதவர் மூன்றாங் குழு. முதற் குழுவில் தகுதியானவர் இருக்கும்வரை அடுத்த குழுவின் முறை வராது. விற்பனை உடன்படிக்கை ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு "காணி என்னுடையதுதானே" என்று நினைப்பவர், இந்தக் கணக்கில் முதற் குழுவில் இல்லை.

காஸ் முகவர் நியமனத்துக்கு 2016இல் வந்த பொது விதிகள் இன்னும் நுணுக்கமானவை. நகரப் பிரிவு முகவருக்குக் குறைந்தது 25 மீற்றருக்கு 30 மீற்றர் அளவுள்ள காணி வேண்டும். அதில் 8,000 கிலோ கொள்ளளவான களஞ்சியம் அமைக்க முடிய வேண்டும். அந்தக் காணி குறித்த ஊரின் எல்லையிலிருந்து 15 கிலோமீற்றருக்குள், அதே மாநிலத்துக்குள் இருக்க வேண்டும். ஆனால் வாடிக்கையாளர் வந்து போகும் காட்சியறை ஊருக்குள்ளேயே இருக்க வேண்டும். ஒரே முகவருக்கு இரண்டு கட்டடங்கள், இரண்டுக்கும் இரண்டு வேறு எல்லைகள். களஞ்சியத்துக்கு உரிய 15 கிலோமீற்றரைக் காட்சியறைக்கும் சேர்த்து வாசித்துவிட்டால் அதோடு முடிந்தது. காணி உரிமை விண்ணப்ப முடிவுத் திகதியன்று கையில் இருக்க வேண்டும். குத்தகை என்றால் குறைந்தது 15 வருடம், பதிவு செய்யப்பட்டது, அந்தத் திகதிக்கு முன்போ அன்றோ தொடங்கியது.

முடிவுத் திகதி என்பதைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும், ஏனென்றால் எமது ஆட்கள் அதிகம் சறுக்கக்கூடிய இடம் அதுதான். அங்கே குலுக்கல் மூலம் பெயர் தெரிவாகிறது. தெரிவான பிறகுதான் அதிகாரிகள் காணியையும் ஆவணங்களையும் நேரில் வந்து பார்க்கிறார்கள். பெயர் விழுந்த மகிழ்ச்சியில் இனிப்புப் பங்கிட்டவர், மூன்று மாதம் கழித்து நில அளவையாளரின் நாடா எல்லைக்கு வெளியே விழுவதைப் பார்க்கிறார். உடனே ஓடிப்போய் எல்லைக்குள் வேறொரு காணி வாங்குகிறார். "இப்போது என்னிடம் சரியான காணி இருக்கிறதே" என்பார். அது கேள்வியே அல்ல. முடிவுத் திகதியன்று இருந்ததா என்பதே கேள்வி. மாற்றுக் காணி காட்ட விதியில் இடம் இருந்தால் அது வேறு கதை. அப்போதும்கூட அந்த மாற்றுக் காணியை எந்தத் திகதியில் வைத்திருந்தார் என்று பார்ப்பார்கள்.

இது மிகக் கடுமையாக இல்லையா என்று வாசகர் கேட்கலாம். ஒரு கிலோமீற்றர் தள்ளி இருந்தால் என்ன, பெற்றோல் பெற்றோல்தானே?

வீட்டில் இருந்தவரின் உரிமை

இந்தக் கேள்விக்கு நான் அறிந்த மிகச் சிறந்த பதில் எரிபொருள் வழக்கில் இல்லை. ஒரு சிற்றுண்டிச்சாலை வழக்கில் இருக்கிறது. 1977 ஜனவரியில் இந்தியாவின் சர்வதேச விமான நிலைய அதிகார சபை, பம்பாய் விமான நிலையத்தில் ஓர் உணவகமும் இரண்டு சிற்றுண்டிச்சாலைகளும் நடத்தக் கேள்விப்பத்திரம் கோரியது. குறைந்தது 5 வருட அனுபவமுள்ள, பதிவு பெற்ற இரண்டாந்தர ஹோட்டல் உரிமையாளர்களே விண்ணப்பிக்கலாம் என்பது நிபந்தனை. ஆறு கேள்விப்பத்திரங்கள் வந்தன. மாதம் 6,666 ரூபாய் 66 சதம் என்று அதிகம் கேட்டவருக்கு ஏப்ரலில் கொடுக்கப்பட்டது. அவர் பத்து வருடத்துக்கு மேல் கன்ரீன் நடத்தியவர். சமையலும் தெரியும், கணக்கும் தெரியும். ஆனால் பதிவு பெற்ற ஹோட்டல் உரிமையாளர் அல்ல.

வேறொருவர் வழக்குப் போட்டார். இந்திய உச்ச நீதிமன்றம் 1979 மே 4ஆம் திகதி தீர்ப்பளித்தது. எழுதியவர் நீதியரசர் பி. என். பகவதி. அரசின் அங்கமான ஒரு நிறுவனம் தானே ஒரு அளவுகோலை அறிவித்துவிட்டு, பிறகு அதை ஒருவருக்காக மட்டும் தளர்த்த முடியாது என்றது நீதிமன்றம். அதற்குச் சொன்ன காரணத்தில்தான் விடயம் இருக்கிறது. அந்த நிபந்தனையைப் பத்திரிகையில் வாசித்து, "எனக்கு இந்தத் தகுதி இல்லையே" என்று விண்ணப்பிக்காமல் வீட்டில் இருந்தவர்கள் எத்தனை பேர்? நிபந்தனை தளர்த்தப்படும் என்று தெரிந்திருந்தால் அவர்களும் போட்டியிட்டிருப்பார்கள். அவர்களுக்குச் சம வாய்ப்பு மறுக்கப்பட்டது.

இதைக் கோமாரிக் காணிக்குப் பொருத்திப் பாருங்கள். எல்லைக்கு வெளியே ஒரு கிலோமீற்றர் தள்ளி, உங்களுடையதை விட நல்ல காணி வைத்திருந்த ஒருவர், விளம்பரத்தை நேர்மையாக வாசித்துவிட்டு விண்ணப்பிக்கவில்லை. உங்களுக்கு மட்டும் ஒரு கிலோமீற்றர் மன்னிக்கப்பட்டால் அவருக்கு என்ன பதில்? உங்கள் போட்டியாளரை விட இந்த முகந்தெரியாத மனிதர்தான் உங்களுக்கு எதிரான பெரிய வாதம்.

ஆனால் அந்த விமான நிலைய வழக்கின் கடைசிப் பகுதியைப் பலர் சொல்வதில்லை. சட்டத்தில் வென்ற வழக்காளிக்கு நிவாரணம் கிடைக்கவில்லை. ஏப்ரலில் கொடுத்த ஒப்பந்தத்துக்கு எதிராக நவம்பரில்தான் அவர் நீதிமன்றம் வந்தார். அதற்குள் மற்றவர் ஓர் இலட்சம் ரூபாய்க்கு மேல் செலவழித்து வேலையைத் தொடங்கியிருந்தார். தவிர, வழக்காளி கேள்விப்பத்திரமே போடாதவர். அவருக்கு உண்மையில் இதில் என்ன அக்கறை என்ற சந்தேகமும் நீதிமன்றத்துக்கு வந்தது. ஒப்பந்தம் அப்படியே விடப்பட்டது. தோற்றவர்கள் இதை இரண்டு தடவை வாசிக்க வேண்டும்.

எல்லை வளைவதால் மட்டும்தான் அநியாயம் நடக்கிறது என்று இல்லை. எல்லாவற்றையும் ஒரே வெட்டில் வெட்டுவதும் அநியாயம்தான். 2002 ஓகஸ்டில் இந்திய அரசாங்கம், எரிபொருள் முகவர் நியமனங்களில் அரசியல் செல்வாக்கு என்று பத்திரிகைகளில் வந்த பிறகு, 2000 ஜனவரி முதல் செய்த நியமனங்களை மொத்தமாக ரத்துச் செய்தது. அவ்வாண்டு டிசம்பரில் உச்ச நீதிமன்றம் அந்த மொத்த ரத்தை ஏற்கவில்லை. குற்றச்சாட்டுக்கு உள்ளான நானூறுக்கு மேற்பட்ட நியமனங்களை ஓய்வுபெற்ற நீதிபதிகளின் குழு பரிசீலிக்கட்டும், மற்றவர்களை ஏன் தண்டிக்க வேண்டும் என்பது அதன் நிலைப்பாடு.

எமது கரையில் காணி என்பது

இனி எமது பக்கத்துக்கு வருவோம். இங்கே சட்டப் புத்தகத்துக்கு முன்னர் உறுதிப் பெட்டியைத் திறக்க வேண்டும்.

கல்முனை தொடக்கம் பொத்துவில் வரை எமது குடும்பங்களில் வளவும் காணியும் பெரும்பாலும் பெண் பிள்ளைகளின் பெயரில்தான் எழுதப்படுகின்றன. வியாபாரம் செய்பவர் கணவர், காணி மனைவியுடையது, சில வேளை மனைவியின் சகோதரிகளுக்கும் பங்கு. விண்ணப்பத்தில் கையெழுத்திடுபவரும் உறுதியில் உள்ளவரும் வேறு வேறு ஆட்கள். இந்திய விதிகள் குடும்ப அங்கத்தவரின் காணியைச் சம்மதச் சத்தியக் கடதாசியுடன் ஏற்கின்றன. உங்கள் கையில் உள்ள விளம்பரம் ஏற்கிறதா என்பதை அதன் வாசகத்தில்தான் தேட வேண்டும். "எங்கட வீட்டுக் காணிதானே" என்பது ஆவணம் அல்ல.

பிரிக்கப்படாத பங்கு இன்னொரு தலையிடி. வாப்பாவின் இரண்டு ஏக்கரில் ஆறு பேருக்குப் பங்கு. வீதி முகப்புத் துண்டை ஒருவர் அனுபவித்து வருகிறார். ஊரில் எல்லோருக்கும் அது அவருடையது. உறுதியிலோ அவருக்கு ஆறில் ஒன்று, அதுவும் எந்தத் துண்டு என்று இல்லாமல். இப்படியான காணியில் எரிபொருள் தாங்கி புதைக்க எந்தக் கம்பனியும் யோசிக்கும். பங்காளிகள் சமாதானமாக இருக்கும்போதே நில அளவையாளரைக் கொண்டு பிரித்து உறுதி முடித்துக்கொள்வது மலிவு. விளம்பரம் வந்த பிறகு ஒவ்வொரு பங்காளியின் கையெழுத்துக்கும் விலை ஏறும்.

மூன்றாவது, அரச காணி. காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் பெற்ற பெர்மிட் காணியைப் பிரதேச செயலாளரின் எழுத்து மூல சம்மதம் இல்லாமல் கைமாற்ற முடியாது. வெள்ளைத் தாளில் முத்திரை ஒட்டி எழுதி, இரண்டு பேர் சாட்சி வைத்து "வாங்கிய" பெர்மிட் காணிகள் எமது பகுதியில் நிறைய. பயிர் செய்ய அது போதுமாயிருக்கலாம். முகவர் விண்ணப்பத்தில் அது வெறும் தாள். தனியார் காணியிலும் இதே கதைதான்: 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க மோசடித் தடுப்புக் கட்டளைச் சட்டப்படி காணி விற்பனையும், ஒரு மாதத்துக்கு மேற்பட்ட குத்தகையும் நொத்தாரிசு முன்னிலையில் எழுதப்பட வேண்டும். சுமார் 185 வருடமாக இருக்கும் சட்டம். ஆனாலும் பல இலட்சம் ரூபாய்க் குத்தகை இன்னும் வாய்ச் சொல்லில் நடக்கிறது!

கோமாரி போன்ற ஊருக்கு நான்காவதும் உண்டு. 1981ஆம் ஆண்டின் 57ஆம் இலக்கக் கரையோரம் பேணல் சட்டம், உயர் நீர் மட்டக் கோட்டிலிருந்து தரைப்பக்கமாக 300 மீற்றர் வரை கரையோர வலயம் என்கிறது. கடலோடு நிரந்தரமாகவோ இடைக்கிடையோ தொடுக்கும் களப்பு, ஆறு என்றால் இது 2 கிலோமீற்றர் வரை உள்ளே போகிறது. அந்த வலயத்துக்குள் அபிவிருத்தி வேலை செய்ய அத்திணைக்களத்தின் அனுமதிப்பத்திரம் வேண்டும். சுனாமிக்குப் பின் 2005இல் கிழக்கில் அறிவிக்கப்பட்டுப் பின்னர் தளர்த்தப்பட்ட 200 மீற்றர் தடை வலயத்தையும் இதையும் பலர் குழப்பிக்கொள்கிறார்கள். "அந்தத் தடையெல்லாம் எடுத்தாச்சு" என்று தரகர் சொல்வது அந்த 200 மீற்றரைப் பற்றி. 1981 சட்டம் அப்படியே இருக்கிறது. வீதிக்கும் கடலுக்கும் இடைப்பட்ட காணியை வாங்குபவர் கடல் பக்கமாக நாடா பிடிக்காமல் முற்பணம் கொடுக்கக் கூடாது. களப்புப் பக்கமும் அப்படியே.

ஆகவே ஆரம்பத்துக் கேள்விக்கு என் பதில் இது. விளம்பரத்துக்கு முன் காணி வாங்குவதானால், எரிபொருள் முகவர் கிடைக்காவிட்டாலும் வேறு வியாபாரத்துக்கு உதவும் விலையில் வாங்குங்கள். விளம்பரம் வந்த பின் வாங்குவதானால், முதலில் அங்கீகாரம் பெற்ற நில அளவையாளரின் வரைபடத்தில் கிராம உத்தியோகத்தர் பிரிவின் பெயரும், வீதியில் காணி இருக்கும் பக்கமும் எழுதப்படட்டும். பிரதேச செயலகத்தில் எல்லையை எழுத்தில் உறுதிப்படுத்துங்கள். விளம்பரத்தின் சொல்லில் சந்தேகம் இருந்தால் முடிவுத் திகதிக்கு முன் நிறுவனத்துக்குப் பதிவுத் தபாலில் கேளுங்கள். தொலைபேசியில் ஓர் உத்தியோகத்தர் "அது பரவாயில்லை" என்று சொன்னதை எந்த நீதிபதியிடமும் காட்ட முடியாது.

தகராறு வந்துவிட்டால்

இலங்கை பெற்றோலியக் கூட்டுத்தாபனம் அரச கூட்டுத்தாபனம். அரசியலமைப்பின் 12(1)ஆம் உறுப்புரை சட்டத்தின் முன் எல்லோரும் சமம் என்கிறது. எரிபொருள் முகவர் ஒருவரின் ஒப்பந்தத்தைக் கூட்டுத்தாபனம் முடிவுறுத்தியது பற்றி, 1998ஆம் ஆண்டின் இலங்கைச் சட்ட அறிக்கையில் இடம்பெற்ற வழக்கொன்றில், ஒப்பந்த விவகாரம் என்பதற்காக 12(1) விலகிப் போகாது என்ற நிலைப்பாட்டை எமது உயர் நீதிமன்றம் எடுத்தது. அடிப்படை உரிமை மனுவை 126ஆம் உறுப்புரைப்படி ஒரு மாதத்துக்குள் தாக்கல் செய்ய வேண்டும். மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை கேட்பதற்கு நாட்கணக்கு எழுதப்படவில்லை. ஆனால் காரணமில்லாத தாமதம் அங்கும் வழக்கைக் கொல்லும். எமது வியாபாரிகள் முதலில் பாராளுமன்ற உறுப்பினரிடம் போவார்கள், பிறகு அமைச்சின் செயலாளரிடம், பிறகு ஊர்ப் பெரியவர்களிடம். அவர்கள் திரும்பி வரும்போது ஒரு மாதம் போய்விட்டிருக்கும். போகலாம், ஆனால் சட்டத்தரணியைப் பார்த்த பிறகு போங்கள்.

தெரிவு எப்படி நடந்தது, வெற்றி பெற்றவரின் காணி எந்த எல்லைக்குள் என்று ஏற்கப்பட்டது என்பவற்றை அறிய 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம் உதவும். தகவல் உத்தியோகத்தர் 14 வேலை நாட்களுக்குள் தீர்மானத்தைச் சொல்ல வேண்டும். ஒரு மாதக் காலக்கெடுவில் 14 வேலை நாள் என்பது ஏறத்தாழ மூன்று வாரம். முடிவு தெரிந்த மறுநாளே விண்ணப்பித்தால்தான் பதிலுக்கு ஏதும் பயன் இருக்கும்.

இவையெல்லாம் அரச நிறுவனத்துக்கு. 2003 முதல் லங்கா ஐஓசியும் 2023 முதல் சினோபெக்கும் எமது எரிபொருள் சந்தையில் வியாபாரம் செய்கின்றன. காஸில் அரசுக்குச் சொந்தமான லிட்ரோவும் தனியார் கம்பனியான லாஃப்சும் இருக்கின்றன. அடிப்படை உரிமை மனு என்பது அரசின் நிறைவேற்று அல்லது நிருவாகச் செயலுக்கு எதிரானது. தனியார் கம்பனி ஒன்று உங்கள் காணியை விட்டுவிட்டுப் பக்கத்துக் காணியைத் தெரிவு செய்தால், 12(1)ஐக் கையில் எடுத்துக்கொண்டு போவது கடினம். அங்கே உங்களுக்கு மிஞ்சுவது அவர்கள் எழுத்தில் தந்த வாக்குறுதியும் ஒப்பந்தச் சட்டமும்தான். எனவே தனியார் கம்பனியின் பிரதிநிதி வந்து காணியைப் பார்த்து, படம் எடுத்து, "தொடங்குங்கள், கடிதம் பிறகு வரும்" என்று சொன்னால், கடிதம் வரும்வரை மண் நிரப்பும் லொறியைக் கூடக் கூப்பிடாதீர்கள்.